கணக்குக் கேட்பது எப்படி: கூட்டுறவு சங்கம் முதல் நாடாளுமன்றம் வரை ஒரு முழுமையான வழிகாட்டி

1994 டிசம்பரில் ராஜஸ்தானின் கோட் கிரானா என்ற சிற்றூரில் ஒரு கூட்டம் நடந்தது. மஸ்தூர் கிசான் சக்தி சங்கடன் என்ற அமைப்பு ஊராட்சியின் செலவுக் கணக்குகளை எப்படியோ கையில் வாங்கி, ஊர் மக்கள் நடுவில் உரக்கப் படித்தது. அவர்கள் செய்தது அவ்வளவுதான். அடுத்த சில மாதங்களில் பக்கத்து ஊர்களிலும் இதே மாதிரி கூட்டங்கள் நடந்தன. செய்யாத வேலைக்குக் கூலி, ஊரிலேயே இல்லாதவர் பெயரில் கைநாட்டு, பாதியில் நிற்கும் கட்டடத்துக்கு 'பணி முடிந்தது' என்ற சான்று என ஒவ்வொன்றாக வெளியே வந்தன. படிக்கத் தெரியாத பெண்கள்கூட எழுந்து, "அந்த வாரம் நான் வேலைக்கே போகலையே" என்று சாட்சி சொன்னார்கள். 1996ல் பியாவர் நகரில் 40 நாள் தர்ணா இருந்தார்கள். அவர்கள் கேட்டது ஊராட்சிக் கணக்குகளின் நகல். அந்தக் கோரிக்கைதான் வளர்ந்து 2005ல் தகவல் அறியும் உரிமைச் சட்டமாக ஆனது. இதில் முன்நின்ற அருணா ராய் சென்னையில் பிறந்தவர், ஐ.ஏ.எஸ். வேலையை விட்டுவிட்டுப் போனவர். தகவல் உரிமைக்கு மாநில அளவில் முதன்முதலில் சட்டம் போட்டதும் தமிழ்நாடுதான், 1997ல். அந்தச் சட்டத்தில் ஓட்டைகள் அதிகம் என்பது வேறு விஷயம்.

இந்த வழிகாட்டி முழுக்க அந்த முறையைத்தான் பின்பற்றுகிறது. அதிகாரத்தில் இருப்பவரிடம் விளக்கம் கேட்காதீர்கள், பதிவேட்டைக் கேளுங்கள். கிடைத்த பதிவேட்டை, அவர் யாருக்குப் பதில் சொல்லக் கடமைப்பட்டவரோ அவர்கள் முன்னால் வையுங்கள். கூட்டுறவு சங்கத் தலைவரானாலும் மத்திய அமைச்சரானாலும் வேலை இதேதான். அலுவலகமும் படிவமும் மட்டும் மாறும்.

படி 1: யார் யாருக்குப் பதில் சொல்ல வேண்டும்?

நம் ஊரில் பெரும்பாலான மனுக்கள் வீணாவது இங்கேதான். எல்லாவற்றையும் முதலமைச்சருக்கு எழுதுகிறோம். அது சுற்றிச் சுற்றி, நாம் யார்மேல் புகார் சொன்னோமோ அவர் மேசைக்கே 'தக்க நடவடிக்கைக்காக' வந்து சேருகிறது.

முதலில் ஒரு தாளில் எழுதுங்கள். கூட்டுறவு சங்க நிர்வாகக் குழு, உறுப்பினர் பேரவைக்கும் பதிவாளருக்கும் பதில் சொல்ல வேண்டும். ஊராட்சித் தலைவர் கிராம சபைக்கும் மாவட்ட ஆட்சியருக்கும் பதில் சொல்ல வேண்டும். மாநில அமைச்சர் சட்டமன்றத்துக்கும், மத்திய அமைச்சர் நாடாளுமன்றத்துக்கும் கட்டுப்பட்டவர்கள். இவர்கள் எல்லோருக்கும் பக்கவாட்டில் ஒரு தணிக்கையாளர் இருக்கிறார். சங்கத்துக்குக் கூட்டுறவுத் தணிக்கைத் துறை, உள்ளாட்சிக்கு உள்ளாட்சி நிதித் தணிக்கைத் துறை, மாநில, மத்திய அரசுகளுக்குத் தலைமைக் கணக்குத் தணிக்கையாளர், அதாவது சி.ஏ.ஜி. உங்கள் பிரச்சினையில் இந்த மூன்று பேர் யார் யார் என்று தெரிந்துகொள்ளுங்கள்: செலவு செய்தவர், அவரைக் கேள்வி கேட்கும் சபை, கணக்கைத் தணிக்கை செய்பவர். அது தெரியாமல் அடுத்த படிக்குப் போக வேண்டாம்.

படி 2: கோபத்தைப் பதிவேட்டின் பெயராக மாற்றுங்கள்

"ரோடு போட்டதில் ஊழல்" என்பது குற்றச்சாட்டு. அதை யாரும் மறுத்துவிடலாம். "அந்த ரோட்டின் அளவீட்டுப் புத்தகத்தின் நகல் வேண்டும்" என்பது கோரிக்கை. அதற்கு நகல் தர வேண்டும், அல்லது மறுப்பதற்குச் சட்டத்தில் காரணம் காட்ட வேண்டும்.

எந்தப் பொது வேலையும் ஒரு காகித வரிசையில்தான் நடக்கிறது. நிர்வாக அனுமதி, மதிப்பீடு, ஒப்பந்தப்புள்ளி, பணி ஆணை, அளவீட்டுப் புத்தகம், பட்டியல் (பில்), பணம் கொடுத்த வவுச்சர், பணி நிறைவுச் சான்று. இதில் பொறியாளர்கள் 'எம் புக்' என்று சொல்லும் அளவீட்டுப் புத்தகம்தான் உயிர்நாடி. எவ்வளவு நீளம், எவ்வளவு அகலம், எத்தனை செ.மீ. கனம் என்று பொறியாளர் அளந்து கையெழுத்துப் போட்ட பிறகுதான் ஒப்பந்தக்காரருக்குப் பணம் போகும். அந்த நகலோடு ஒரு டேப் எடுத்துக்கொண்டு தெருவில் இறங்கினால், பத்தாம் வகுப்புப் படிக்கும் பிள்ளைகூடச் சரிபார்த்துவிடும். 150 மீட்டர் என்று எழுதிய சாலை 110 மீட்டரில் முடிந்தால், அதற்கு மேல் உங்களுக்கு வாதத் திறமை தேவையில்லை.

படி 3: உங்கள் சங்கத்தில் தொடங்குங்கள்

1904ல் இந்தியக் கூட்டுறவுச் சட்டம் வந்த கையோடு, இன்றைய திருவள்ளூர் மாவட்டத்தின் திரூரில் கடன் சங்கம் பதிவானது. ஒருவருக்கு எத்தனை பங்கு இருந்தாலும் ஓட்டு ஒன்றுதான் என்ற விதியை நம் விவசாயிகளும் நெசவாளர்களும் நாட்டில் பொதுத் தேர்தல் வருவதற்கு வெகுகாலம் முன்பே பழகியிருக்கிறார்கள். அதனால்தான் சங்கத்திலிருந்து தொடங்கச் சொல்கிறேன். உங்களுக்கு அங்கே உறுப்பினர் என்ற சட்ட அந்தஸ்து இருக்கிறது. தலைவரும் செயலாளரும் தினம் கண்ணில் படுகிறவர்கள். தொகை சிறியதானாலும் உங்கள் சொந்தப் பணம்.

முதல் வேலை, துணை விதி நூலை வாங்குவது. பேரவை எப்போது கூட வேண்டும், எத்தனை நாள் முன்பு அறிவிப்பு வர வேண்டும், எத்தனை உறுப்பினர் கையெழுத்திட்டால் சிறப்புப் பேரவையைக் கூட்டச் சொல்லலாம் என்பதெல்லாம் அதில் இருக்கும். அடுத்து உறுப்பினர் பட்டியலைப் பாருங்கள். உங்கள் பெயர் இருக்கிறதா, வாக்குரிமையுள்ள 'அ' வகுப்பில் இருக்கிறதா, இறந்தவர்கள் பெயர் நீக்கப்பட்டிருக்கிறதா? சங்கத் தேர்தலில் நடக்கும் தகிடுதத்தங்களில் பாதி இந்தப் பட்டியலில்தான் தொடங்குகிறது. தேர்தல் அறிவிப்பு வந்த பிறகு பார்த்தால் காலம் கடந்துவிடும்.

அப்புறம் தணிக்கை அறிக்கை. முன்பக்கத்தில் லாப நட்டக் கணக்கு இருக்கும், அதைப் பிறகு பார்க்கலாம். கடைசிப் பக்கங்களில் உள்ள தணிக்கைக் குறைகளை முதலில் படியுங்கள். தணிக்கையாளர் அங்கே பல நேரம் எல்லாவற்றையும் வெளிப்படையாகவே எழுதிவைத்திருப்பார். அதை யாரும் படிப்பதில்லை என்பதுதான் நிர்வாகத்தின் நிம்மதி. ஒரே குறை மூன்று ஆண்டுகளாகத் திரும்பத் திரும்ப வருகிறதா என்று பாருங்கள். வந்தால், குறை நிவர்த்தி அறிக்கை அனுப்பப்பட்டதா என்று எழுத்தில் கேளுங்கள்.

கடன் சங்கமென்றால் உங்கள் பாஸ் புத்தகத்தைச் சங்கத்தின் பேரேட்டோடு ஒப்பிடுங்கள். நீங்கள் வாங்காத கடன் உங்கள் பெயரில் இருக்கலாம். 2021ல் ஐந்து பவுன் வரையிலான நகைக்கடன் தள்ளுபடி அறிவிக்கப்பட்ட பிறகு நடந்த ஆய்வில், பல சங்கங்களில் நகைக்கடன் முறைகேடுகள் வெளியே வந்தது நினைவிருக்கலாம்.

உழைப்பாளிகளே உறுப்பினராக இருக்கும் சங்கத்தில் பார்க்க வேண்டியது வேறு. கைத்தறி நெசவாளர் சங்கத்தை எடுத்துக்கொள்வோம். சங்கம் பாவும் ஊடையும் தருகிறது, உறுப்பினர் நெய்து துணியைத் திருப்பிக் கொடுத்துக் கூலி வாங்குகிறார். ஆகவே நூல் வழங்கிய பதிவேடு, துணி வரவுப் பதிவேடு, கூலிப் பதிவேடு மூன்றும் ஒன்றுக்கொன்று பொருந்த வேண்டும். கொடுத்த நூலின் எடைக்குத் துணி வரவில்லை என்றாலோ, தறியே இல்லாதவர் பெயரில் மாதாமாதம் உற்பத்தி காட்டினாலோ, விசைத்தறித் துணி கைத்தறிக் கணக்கில் நுழைந்திருக்கிறதா என்று சந்தேகப்பட இடமிருக்கிறது. நெசவாளிக்குத் தெருவில் எத்தனை தறி ஓடுகிறது என்று தெரியும். எந்தத் தணிக்கையாளருக்கும் அது அந்த அளவுக்குத் தெரியாது.

கேரளத்தில் வடகரைப் பக்கம் ஊராளுங்கல் தொழிலாளர் ஒப்பந்தக் கூட்டுறவு சங்கம் 1925லிருந்து இயங்குகிறது. சாலையும் பாலமும் கட்டும் பெரிய நிறுவனம் இன்றைக்கு. இயக்குநர்களைத் தேர்ந்தெடுப்பது அதன் தொழிலாளர்கள்தான், இயக்குநர்களும் அவர்களுள் இருந்து வந்தவர்கள்தான். வேலைத்தளத்தில் என்ன நடக்கிறது என்பதை இயக்குநர்கள் அடிக்கடி நேரில் போய்ப் பார்த்துப் பேசுவது அங்கே நெடுநாள் வழக்கம். ஆண்டுக்கு ஒருமுறை பேரவை கூட்டிக் கணக்கை வாசித்துவிட்டு மிக்சர் பொட்டலம் கொடுத்து அனுப்பும் சங்கத்துக்கும் இதற்கும் உள்ள தூரத்தை நம் சங்கங்கள் யோசித்துப் பார்க்க வேண்டும்.

பேரவையில் பேசும்போது ஒரு நுணுக்கம். கேள்வியை ஒரு வாரம் முன்பே எழுத்தில் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கு முத்திரை வாங்குங்கள். கூட்டத்தில் அதை வாசித்து, நடவடிக்கைப் பதிவேட்டில் ஏற்றச் சொல்லுங்கள். தீர்மானத்துக்கு உடன்பாடில்லை என்றால், "என் மறுப்பைப் பதிவு செய்யுங்கள்" என்று பெயரோடு சொல்லுங்கள். சத்தம் போட்டுவிட்டு வெளியேறினால், 'ஒருமனதாக நிறைவேறியது' என்றுதான் பதிவேட்டில் இருக்கும்.

அங்கே பதில் வராவிட்டால் பதிவாளரிடம் போக வேண்டும். பயிர்க்கடன், நகைக்கடன் சங்கங்களுக்குச் சரகத் துணைப்பதிவாளர். கைத்தறி, பால், தொழில் சங்கங்களுக்கு அந்தந்தத் துறையிலேயே பதிவாளர் அதிகாரம் உள்ளவர்கள் உண்டு. தவறான பதிவாளருக்கு எழுதி ஆறு மாதம் இழக்காதீர்கள். தமிழ்நாடு கூட்டுறவு சங்கங்கள் சட்டம் 1983ல் நான்கு எண்களை நினைவில் வையுங்கள். 81 என்பது விசாரணை, 82 என்பது ஆய்வு, 87 என்பது சங்கத்துக்கு ஏற்பட்ட இழப்பைப் பொறுப்பானவரிடமே வசூலிக்கும் தண்டத்தீர்வை, 90 என்பது தாவா, அதாவது சங்கம் தொடர்பான வழக்கு. 88ஆவது பிரிவில் நிர்வாகக் குழுவையே கலைக்கலாம். எல்லோரும் முதலில் அதைத்தான் கேட்பார்கள். நான் அதைப் பரிந்துரைக்க மாட்டேன். குழு கலைந்தால் அதன் இடத்தில் அரசு நியமிக்கும் தனி அலுவலர் வருவார், அவரை நீங்கள் தேர்ந்தெடுக்கவும் முடியாது, தோற்கடிக்கவும் முடியாது. குழு இருக்கட்டும், எடுத்த பணம் திரும்பி வரட்டும் என்று 81ஐயும் 87ஐயும் கேட்பது உறுப்பினர்களின் கையில் அதிகாரத்தை விட்டுவைக்கும்.

படி 4: தகவல் உரிமை மனு எழுதுதல்

சங்கத்தில் தகவல் கேட்டால், "நாங்கள் அரசு அலுவலகம் இல்லை, தகவல் சட்டம் எங்களுக்குப் பொருந்தாது" என்பார்கள். 2013 அக்டோபரில் கேரளத்தின் தலப்பலம் கூட்டுறவு வங்கி வழக்கில் உச்ச நீதிமன்றம் கிட்டத்தட்ட அப்படித்தான் சொன்னது. அரசின் கணிசமான நிதியோ ஆழமான கட்டுப்பாடோ இல்லாத சங்கம் 'பொது அதிகார அமைப்பு' ஆகாது. ஆனால் அதே தீர்ப்பு இன்னொரு கதவைத் திறந்து வைத்திருக்கிறது. பதிவாளர் பொது அதிகார அமைப்பு. சட்டப்படி சங்கத்திடமிருந்து அவர் கேட்டுப் பெறக்கூடிய தகவலை நீங்கள் அவர் மூலமாகக் கேட்கலாம். ஆகவே மனுவைச் சங்கத்துக்கு எழுதாமல், துணைப்பதிவாளர் அலுவலகத்தின் பொதுத் தகவல் அலுவலருக்கு எழுதுங்கள்.

மனு ஒரு பக்கத்துக்கு மேல் வேண்டாம். கட்டணம் 10 ரூபாய். தமிழ்நாட்டில் அதை நீதிமன்றக் கட்டண வில்லையாக ஒட்டி அனுப்பலாம், இணையவழியிலும் மனு போடலாம். வறுமைக்கோட்டுக்குக் கீழே உள்ளவர்களுக்குக் கட்டணமில்லை, சான்றின் நகலை இணைத்தால் போதும். எதற்காகக் கேட்கிறீர்கள் என்று சொல்ல வேண்டியதே இல்லை, 6(2) பிரிவு அதைத் தெளிவாகச் சொல்கிறது. தொலைபேசியில் அழைத்து "எதுக்குங்க உங்களுக்கு இது?" என்று கேட்டால், மரியாதையாக அந்த எண்ணை மட்டும் சொல்லுங்கள்.

எப்படிக் கேட்கக் கூடாது: "எங்கள் தெருவுக்கு ஏன் குடிநீர்க் குழாய் போடவில்லை? இதற்கு யார் பொறுப்பு?" கேள்வி கேட்கும் தொனியில் இருப்பதால் 'இது தகவல் என்ற வரையறைக்குள் வராது' என்று ஒரு வரியில் திருப்பிவிடுவார்கள்.

எப்படிக் கேட்க வேண்டும்: "2024-25 நிதியாண்டில் இந்த ஊராட்சியில் நிறைவேற்றப்பட்ட குடிநீர்ப் பணிகளின் பட்டியல், ஒவ்வொரு பணிக்கும் மதிப்பீடு, பணி ஆணை, அளவீட்டுப் புத்தகப் பக்கங்கள், வழங்கப்பட்ட தொகைக்கான வவுச்சர் ஆகியவற்றின் சான்றிட்ட நகல்கள்."

இன்னொன்றும் செய்யலாம். 2(ஜே) பிரிவின்படி கோப்பை நேரில் பார்வையிடலாம், நடக்கும் பணியைப் பார்வையிடலாம், பொருளின் சான்றிட்ட மாதிரியும் கேட்கலாம். சாலையில் போட்ட கலவையின் மாதிரி கேட்டு ஒருவர் மனு போட்டிருக்கிறார் என்ற செய்தி பரவினாலே வேலையின் தரம் மாறுவதுண்டு. நேரில் கோப்பைப் பார்ப்பதுதான் என்னைக் கேட்டால் மிகச் சிறந்த வழி. எந்தப் பக்கம் வேண்டும் என்று பார்த்துக் குறித்துக்கொண்டு, அதற்கு மட்டும் பக்கத்துக்கு 2 ரூபாய் கட்டலாம்.

தனிநபர் விவரங்களை மட்டும் தவிருங்கள். 2023ஆம் ஆண்டின் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், தகவல் சட்டத்தின் 8(1)(ஜே) பிரிவைத் திருத்தி, 'இது தனிநபர் தகவல்' என்று சொல்லி மறுப்பதை எளிதாக்கிவிட்டது. இந்தத் திருத்தம் மக்களுக்குச் செய்த பெரிய அநியாயம் என்றே கருதுகிறேன். பயனாளிப் பட்டியலைக்கூட இதைக் காட்டி மூடிவைக்க முடியும். மறுத்தால், பொதுநலன் மேலோங்கும்போது தகவல் தரலாம் என்னும் 8(2) பிரிவை மேல்முறையீட்டில் காட்டி வாதாடுங்கள்.

படி 5: பதில் வராதபோது

தகவல் சட்டத்தின் பலம் அதன் நாட்கணக்கில் இருக்கிறது. மனு கிடைத்த 30 நாளில் பதில் வர வேண்டும். ஒருவரின் உயிரோ சுதந்திரமோ சம்பந்தப்பட்டதென்றால் 48 மணி நேரம். தவறான அலுவலகத்துக்குப் போயிருந்தால் அவர்களே 5 நாளில் உரிய இடத்துக்கு மாற்ற வேண்டும். கெடு தாண்டினால் நகல்களை இலவசமாகத் தர வேண்டும்.

பதில் இல்லை, அல்லது அரைகுறையாக இருக்கிறது என்றால், 30 நாளுக்குள் அதே துறையின் மேல்முறையீட்டு அலுவலருக்கு முதல் மேல்முறையீடு. அவர் 30 நாளில், மிஞ்சிப்போனால் 45 நாளில் முடிவு சொல்ல வேண்டும். அதன் பிறகு 90 நாளுக்குள் மாநிலத் தகவல் ஆணையத்துக்கு இரண்டாம் மேல்முறையீடு. தவறு செய்த அலுவலருக்கு நாளொன்றுக்கு 250 ரூபாய் வீதம் 25,000 ரூபாய் வரை அபராதம் விதிக்கலாம், அதுவும் அவர் சொந்தப் பணத்திலிருந்து. ஆணையத்தில் விசாரணைக்கு நீண்ட நாள் ஆகும், பலர் அங்கே சோர்ந்து விட்டுவிடுகிறார்கள். ஆனால் கணிசமான நகல்கள் முதல் மேல்முறையீட்டு நிலையிலேயே வந்துவிடும். முதல் மனுவோடு நிறுத்துபவர்கள்தான் நிறைய இழக்கிறார்கள். மனு போட்ட அன்றே மூன்று கெடு தேதிகளையும் நாட்காட்டியில் குறித்துவிடுங்கள்.

படி 6: கிராம சபையைப் பயன்படுத்துங்கள்

தமிழ்நாட்டில் இப்போது ஆண்டுக்கு ஆறு நாட்கள் கிராம சபை: ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1. கூட்டம் செல்லுபடியாகக் குறைந்தது எத்தனை பேர் வர வேண்டும் என்ற குறைவெண் வரம்பு மக்கள் தொகையைப் பொறுத்தது. 500 பேர் வரை உள்ள ஊராட்சிக்கு 50 பேர், 3,000 வரை 100, 10,000 வரை 200, அதற்கு மேல் 300 பேர் வர வேண்டும்.

இங்கே நடக்கும் பெரிய மோசடி மிகச் சாதாரணமானது. நோட்டில் முதலில் எல்லோரிடமும் கையெழுத்து வாங்கிவிடுவார்கள், தீர்மானத்தைப் பிறகு சாவகாசமாக எழுதிக்கொள்வார்கள். நூறு நாள் வேலைக்கு வரும் பெண்களைக் கூட்டிவந்து உட்காரவைத்து எண்ணிக்கை காட்டுவதும் உண்டு. ஆகவே ஊர்க்காரர்கள் பத்துப் பேர் முன்கூட்டியே பேசிவைத்துக்கொள்ள வேண்டும். தீர்மானம் எழுதி, வாசித்த பிறகுதான் கையெழுத்து. எழுதிய பக்கத்தை அங்கேயே கைபேசியில் படமெடுத்துக்கொள்ள வேண்டும். கூட்டத்தைக் கவனிக்க வந்திருக்கும் அரசு அலுவலரான பற்றாளரிடமும் அதையே சொல்லுங்கள். ஒரு வாரம் கழித்துத் தீர்மான நகலைத் தகவல் மனுவில் வாங்கி, படத்தோடு ஒப்பிடுங்கள்.

நான்காம் படியில் கிடைத்த வவுச்சர்களையும் அளவீட்டுப் புத்தக நகல்களையும் கொண்டுவர வேண்டிய இடமும் இதுதான். நீங்கள் குற்றம் சாட்ட வேண்டாம். படியுங்கள், போதும். "இந்தத் தெருவில் 12 மின்விளக்கு மாற்றியதாக இருக்கிறது, எத்தனை எரிகிறது?" என்று கேட்டால், அந்தத் தெருக்காரர் எழுந்து பதில் சொல்வார். ராஜஸ்தானில் நடந்தது அதுதான். மக்கள் கூடிக் கணக்கைச் சரிபார்க்கும் இந்த முறையை, 2005ஆம் ஆண்டின் ஊரக வேலை உறுதிச் சட்டம் தன் 17ஆவது பிரிவில் சமூகத் தணிக்கை என்ற பெயரில் சட்டமாகவே எழுதியது.

கிராம சபைத் தீர்மானத்துக்கு என்ன மதிப்பு என்று கேட்பவர்களுக்கு நியாம்கிரியைச் சொல்வேன். ஒடிசாவின் அந்த மலையில் பாக்சைட் வெட்டுவது பற்றிக் கிராம சபைகளே முடிவெடுக்கட்டும் என்று 2013 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் சொன்னது. டோங்கிரியா கோந்த் மக்கள் வாழும் பகுதியில் கூடிய 12 கிராம சபைகளும் வேண்டாம் என்றன. சுரங்கம் நின்றது. அங்கே வன உரிமைச் சட்டத்தின் பலம் பின்னால் இருந்தது, எல்லாத் தீர்மானத்துக்கும் அந்த வலு வராது. ஆனாலும் எழுத்தில் உள்ள தீர்மானம் நீதிமன்றத்தில் ஊரின் குரலாக நிற்கும்.

நகரத்தில் இருப்பவர்களுக்குப் பகுதி சபைகள் உண்டு. இன்னும் வலுப்பெறவில்லை, இருந்தாலும் போய் உட்காருங்கள்.

படி 7: மாவட்டமும் மாநிலமும்

திங்கட்கிழமை ஆட்சியர் அலுவலகத்தில் கொடுக்கும் மனுவில், ஏற்கெனவே கையில் உள்ள நகல்களை இணைத்து, "இந்தப் பிரிவின் கீழ் இந்த நடவடிக்கை வேண்டும்" என்று ஒரே ஒரு கோரிக்கை வையுங்கள். மனு எண் முக்கியம். அந்த எண்ணை வைத்து, 'என் மனு மீது எடுத்த நடவடிக்கைக் கோப்பின் நகல்' என்று அடுத்த தகவல் மனுவைப் போடலாம்.

லஞ்சம் கேட்டால் ஊழல் தடுப்பு மற்றும் கண்காணிப்பு இயக்ககத்திடம் போங்கள். இங்கே ஒரு சட்ட மாற்றத்தைக் கட்டாயம் தெரிந்துகொள்ள வேண்டும். 2018 திருத்தத்துக்குப் பிறகு லஞ்சம் கொடுப்பதும் குற்றம். வற்புறுத்தலின் பேரில் கொடுத்திருந்தால், 7 நாளுக்குள் புகார் செய்தால்தான் உங்களுக்குப் பாதுகாப்பு. கொடுப்பதற்கு முன்பே போய்ப் புகார் சொல்வது இன்னும் நல்லது. முதலமைச்சர், அமைச்சர்கள், சட்டமன்ற உறுப்பினர்கள் மீதான ஊழல் புகாருக்கு 2018ல் சட்டமியற்றி அமைத்த லோக் ஆயுக்தா இருக்கிறது. உரிய படிவத்தில், ஆதாரத்தோடு போக வேண்டும்.

சி.ஏ.ஜி. அறிக்கைகளை ஏனோ நாம் பத்திரிகைத் தலைப்பு அளவிலேயே விட்டுவிடுகிறோம். அவை இணையத்தில் முழுமையாகக் கிடைக்கின்றன. உங்கள் மாவட்டத்தின் பெயரைத் தேடிப் பாருங்கள். இந்த அறிக்கைகளைச் சட்டமன்றத்தின் பொதுக் கணக்குக் குழு எடுத்து விசாரிக்கிறது. சட்டமன்ற மனுக்கள் குழு என்று ஒன்றும் இருக்கிறது. பொதுமக்களின் மனுவை வாங்கும், மாவட்டங்களுக்கு நேரில் வரும், அதிகாரிகளை எதிரே உட்காரவைத்துக் கேட்கும். இது பலருக்குத் தெரியாது.

படி 8: தில்லி

நாடாளுமன்றத்தில் மக்களவையில் ஒரு நாளைக்கு 20 நட்சத்திரக் கேள்விகள், 230 நட்சத்திரமில்லாக் கேள்விகள் எடுக்கப்படுகின்றன. மாநிலங்களவையில் 15, 160. நட்சத்திரமிட்டதற்கு அமைச்சர் வாய்மொழியாகப் பதில் சொல்வார், மற்றதற்கு எழுத்தில் வரும். கேள்வியை எழுதித் தருவது நீங்களாகவும் இருக்கலாம். உங்கள் எம்.பி.யின் அலுவலகத்துக்கு, கூட்டத்தொடர் தொடங்குவதற்குச் சில வாரம் முன்பே, நான்கைந்து வரியில் தெளிவான கேள்வியாக அனுப்புங்கள். 15 நாள் முன்னறிவிப்புத் தேவை என்பதால் பிந்தினால் பயனில்லை. எழுத்தில் வரும் பதில் சின்ன விஷயமில்லை. அமைச்சர் அவையில் சொன்ன புள்ளிவிவரம் தவறானால் அது அவையின் உரிமை மீறல் பிரச்சினை வரை போகும். 'பரிசீலிக்கிறோம்' என்று அமைச்சர் சொன்னால், அந்த வாக்குறுதியை விடாமல் துரத்துவதற்கு அரசு உறுதிமொழிகள் குழு இருக்கிறது. மூன்று மாதத்தில் நிறைவேற்ற வேண்டும் என்பது அதன் பொது விதி.

சட்டம் வருவதற்கு முன் கருத்துச் சொல்வதும் பொறுப்புக் கேட்பதில் சேர்ந்ததுதான். வரைவுச் சட்டத்தைக் குறைந்தது 30 நாள் மக்கள் பார்வைக்கு வைக்க வேண்டும் என்று 2014ல் மத்திய அரசே கொள்கை வகுத்தது. 2020ல் சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீட்டு வரைவு ஆங்கிலத்திலும் இந்தியிலும் மட்டும் வந்தபோது, அதை 22 மொழிகளிலும் வெளியிடச் சொல்லி தில்லி உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. ஒரு மனுதாரர் கேட்டதால் வந்த உத்தரவு அது. தமிழில் இல்லாத வரைவுக்குத் தமிழில் வேண்டும் என்று கேட்பதையே உங்கள் முதல் கருத்தாக அனுப்புங்கள்.

உங்கள் பகுதியில் பெரிய ஆலையோ துறைமுகமோ வருகிறதென்றால், கருத்துக்கேட்புக் கூட்டத்தை விட்டுவிடாதீர்கள். 2006ஆம் ஆண்டு அறிவிக்கையின்படி 30 நாள் முன்பே நாளிதழ்களில், ஒன்று வட்டார மொழியில், அறிவிப்பு வர வேண்டும். கூட்டம் முடியும்போது நடவடிக்கைக் குறிப்பை அங்கேயே உள்ளூர் மொழியில் வாசித்துக் காட்ட வேண்டும். வாசிக்காமல் கலைக்கப் பார்த்தால் எழுந்திருக்காதீர்கள்.

பத்து ரூபாய் மனு தில்லியின் உச்சிவரை போனதற்குத் தேர்தல் பத்திரம் சாட்சி. யார் எந்தக் கட்சிக்கு எவ்வளவு கொடுத்தார்கள் என்பதே வாக்காளருக்குத் தெரியாத திட்டம் 2018ல் வந்தது. ரிசர்வ் வங்கியும் தேர்தல் ஆணையமும் அதை முன்பே ஆட்சேபித்திருந்தன என்பதைக் காட்டும் ஆவணங்கள் தகவல் உரிமை மனுக்கள் மூலம் வெளியே வந்தன. 2024 பிப்ரவரி 15 அன்று உச்ச நீதிமன்றம் அந்தத் திட்டத்தையே ரத்து செய்தது. அடுத்த மாதம் பெயரும் தொகையும் வெளியாயின. வேட்பாளர்கள் சொத்தையும் வழக்குகளையும் பிரமாணப் பத்திரத்தில் சொல்ல வேண்டும் என்பதும் இப்படிப் போராடி 2002, 2003 தீர்ப்புகளில் கிடைத்ததுதான். ஓட்டுப் போடும் முன் உங்கள் தொகுதி வேட்பாளர்களின் அந்தப் பிரமாணப் பத்திரத்தை (படிவம் 26) எடுத்து, ஐந்தாண்டு முன்பு கொடுத்ததோடு பக்கத்தில் வைத்துப் படியுங்கள்.

படி 9: நீதிமன்றம்

கடைசியாகத்தான் போங்கள். அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின் கீழ் சென்னை உயர் நீதிமன்றத்திலோ அதன் மதுரைக் கிளையிலோ, அதிகாரிக்கு உத்தரவிடக் கேட்கும் ரிட் மனு போடலாம். "அலுவலரிடம் கேட்டீர்களா, அவர் மறுத்தாரா?" என்பதுதான் அங்கே முதல் கேள்வியாக இருக்கும். இதுவரை சேர்த்த மனுக்கள், ஒப்புகைகள், மேல்முறையீட்டு ஆணைகள் எல்லாம் அதற்கு விடை. அவை இல்லாமல் போனால், "மனுவைப் பரிசீலிக்கவும்" என்ற ஒற்றை வரி உத்தரவோடு திரும்ப வேண்டியிருக்கும். வழக்கறிஞர் கட்டணம் கட்ட வழியில்லாவிட்டால் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகுங்கள்.

படி 10: உங்கள் பாதுகாப்பும் உங்கள் கணக்கும்

இது ஆபத்தில்லாத வேலை என்று சொல்ல மாட்டேன். நெடுஞ்சாலைப் பணி ஊழலைப் பிரதமர் அலுவலகத்துக்கு எழுதிய பொறியாளர் சத்யேந்திர துபே, தன் பெயரை ரகசியமாக வைக்கச் சொல்லியிருந்தார். 2003 நவம்பரில் கயாவில் கொல்லப்பட்டார். இப்படி ஊழலை வெளியே சொல்லும் இடித்துரைப்பாளர்களைக் காக்க 2014ல் சட்டம் நிறைவேறியது, ஆனால் அது நடைமுறைக்குக் கொண்டுவரப்படவேயில்லை. ஆகவே பாதுகாப்பை நீங்களே ஏற்பாடு செய்துகொள்ள வேண்டும்.

தனியாகப் போடாதீர்கள். ஒரே தகவலைக் கேட்டு நான்கு பேர், நான்கு தெருவிலிருந்து மனு போட்டால் யாரை மிரட்டுவது? மணல், கல்குவாரி, நிலம் போன்ற விஷயமென்றால் வெளியூரில் இருக்கும் நண்பர் பெயரில் போடலாம். தபால் பெட்டி எண்ணை முகவரியாகக் கொடுக்க 2013ல் கல்கத்தா உயர் நீதிமன்றம் வழி செய்திருக்கிறது. கிடைக்கும் நகல்களை அன்றே படமெடுத்து மூன்று பேர் கைபேசியில் வைத்துவிடுங்கள். தாள் ஒருவரிடம் மட்டும் இருக்கும் வரைதான் அவருக்கு ஆபத்து. மிரட்டல் வந்தால், வாய்மொழியாக வந்தாலும், அன்றே காவல் நிலையத்தில் எழுத்துப் புகார் கொடுத்து ரசீது வாங்குங்கள்.

அப்புறம், உங்கள் குழுவின் சொந்தக் கணக்கு. நகல் எடுக்க, பேருந்துக்கு, தபாலுக்கு என்று நூறும் இருநூறுமாக வசூலிப்பீர்கள். முதல் நாளிலிருந்தே ஒரு நோட்டில் வரவு செலவு எழுதி, மாதம் ஒருமுறை குழுவில் வாசியுங்கள். பணத்தை வைத்திருப்பவரும் கணக்கை எழுதுபவரும் வேறு வேறு ஆட்களாக இருக்கட்டும், ஆண்டுக்கு ஒருமுறை இருவரையும் மாற்றுங்கள். நீங்கள் கிராம சபையில் ஊராட்சியின் வவுச்சரை வாசித்த மறுநாளே "இவங்க மட்டும் யோக்கியமா?" என்ற கேள்வி டீக்கடையில் எழும். அந்த நோட்டை அதே கடை மேசையில் எடுத்து வையுங்கள், வேண்டியவர்கள் புரட்டிப் பார்க்கட்டும்.